இவள் என்று ஒருவன்

பள்ளிக்கூடத்தில் சேர்ந்த முதல் வாரம். வகுப்பு ஆசிரியை வரிசையாகப் பெயர் வாசித்துக்கொண்டே வந்தவர் ஓரிடத்தில் நின்றார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டார்.

"இவள்னு போட்டிருக்கு. எவள்?"

வகுப்பு கொல்லென்று சிரித்தது. சன்னலோரப் பெஞ்சிலிருந்து ஒரு பையன் எழுந்து நின்றான்.

"நான்தான் டீச்சர்."

"உன் பேரைக் கேக்கறேன்டா."

"அதான் டீச்சர் பேரு. இவள்."

இரண்டாவது சிரிப்பு முதல் சிரிப்பைவிட நீளமாக இருந்தது. ஆசிரியையும் சேர்ந்து சிரித்துவிட்டு, உடனே வாயைப் பொத்திக்கொண்டார். அன்று சாயங்காலம் பையன் புத்தகப் பையை வாசலிலேயே போட்டுவிட்டு வாப்பாவிடம் அழுதுகொண்டு போனான்.

வாப்பா புத்தகங்களுக்கு பைண்டிங் செய்பவர். வீட்டின் முன்னறைதான் அவர் பட்டறை. பசை வாளி, மெழுகு தடவிய நூல், வளைந்த ஊசி, தாள்களை இறுக்கிப் பிடிக்கும் இரும்பு அச்சு என்று அந்த அறையில் கால் வைக்க இடம் இருக்காது. பிரிந்து போன சமயப் புத்தகங்கள் அவரிடம் நிறைய வரும். தைப்பதற்கு முன் ஒவ்வொன்றையும் கொஞ்சம் வாசித்துப் பார்ப்பது அவர் பழக்கம். அப்படி வாசித்த எதிலோதான் மகனுக்கான பெயரைக் கண்டெடுத்திருந்தார்.

"சிரிச்சா சிரிக்கட்டும்டா," என்றார், ஊசியில் நூல் கோத்தபடியே. "இது சுத்தமான ஆம்பளப் பேரு. அரபு நாட்டுல இந்தப் பேருல எத்தனையோ பேரு இருக்காங்க. சில ஊருல இதையே அவள்னும் சொல்லுவாங்க."

"அவளா?" பையனுக்கு அழுகை இன்னும் கூடியது.

வாப்பா ஊசியைக் கீழே வைத்துவிட்டு அவனை மடியில் இழுத்துக்கொண்டார். அந்தப் பெயரின் முதல் எழுத்து தொண்டையின் அடியிலிருந்து வரவேண்டியது, தமிழில் அதற்கு எழுத்தே கிடையாது என்றார். கடைசி எழுத்தின் பெயர் ளாத். நாக்கின் ஓரத்தைக் கடைவாய்ப் பல்லில் ஒத்தி எடுத்தால்தான் அது சரியாக வரும். அரபுக்காரர்கள் தங்கள் மொழியையே ளாத்தின் மொழி என்றுதான் பெருமையாகச் சொல்லிக்கொள்வார்கள்.

"அப்பேர்ப்பட்ட எழுத்து உன் பேருல இருக்கு. அதுக்கு நம்ம 'ள்'தான் கிட்ட வருது. நான் என்ன பண்ண?"

"அர்த்தம் என்ன வாப்பா?"

"ஈடு. இழந்ததுக்குப் பதிலா கிடைக்கிறது. அங்க யாருக்காவது ஒரு பொருள் தொலைஞ்சாலோ, வீட்டுல ஒரு உயிர் போனாலோ, ஆண்டவன் உனக்கு ஈடு தருவான்னுதான் ஆறுதல் சொல்லுவாங்க. அந்தச் சொல்லுதான் இது. பிள்ளையைப் பறிகொடுத்த வீட்டுல அடுத்துப் பிறக்கிற பையனுக்கு இந்தப் பேர வெக்கறது அவங்களோட பழைய வழக்கம்."

பையன் மடியிலிருந்து நிமிர்ந்து பார்த்தான். "அண்ணனுக்குப் பதிலா நானா?"

"ஆமாடா என் ராசா. அவனுக்கு ஈடா ஆண்டவன் குடுத்தவன் நீ."

வாப்பா அதை ஆசையாகத்தான் சொன்னார். சொல்லும்போது அவர் கண் கலங்கியிருந்தது. ஆனால் பையன் மனதில் அது வேறு மாதிரி போய் உட்கார்ந்தது. அவன் பிறப்பதற்கு முன்பே, நான்கு வயதில், காய்ச்சலில் போய்விட்டவன் அண்ணன். வீட்டில் அவனைப் பற்றிப் பேச்சு எழாது. ஆனாலும் வாப்பா தன் தலையைத் தடவும்போதெல்லாம் அந்தக் கை இன்னொரு தலையைத் தேடுகிறதோ என்று அன்றிலிருந்து பையனுக்குத் தோன்ற ஆரம்பித்தது.

உம்மா விஷயம் இன்னும் மோசம் என்று அவன் நினைத்தான். வாப்பாவாவது வாய் நிறையப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். உம்மா ஒருநாள்கூட அந்தப் பெயரைச் சொன்னதில்லை. "டேய் இவனே, இங்க வா." "இவனே, சாப்பிட்டியா?" எப்போதும் இவனேதான். பெயர் மறந்துபோனவர்களைக் கூப்பிடுவது போல. அக்காவை மட்டும் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவாள். பக்கத்து வீட்டுக்குப் புதிதாகக் குடிவந்தவள் ஒருமுறை, "பையன் பேரு என்னங்க?" என்று கேட்டபோது, உம்மா, "இவன் என் மகன்," என்று சொல்லிவிட்டு அரிசி களைந்த தண்ணீரை ஊற்றப் போய்விட்டாள். கதவுக்குப் பின்னால் நின்ற பையனுக்கு முகம் சுண்டிப் போயிற்று.

குளிர் அதிகமாக இருந்த ஒரு வருடம், கட்டிலுக்கடியில் இருந்த தகரப் பெட்டியைத் திறந்து உம்மா எதையோ எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். சின்ன சிவப்பு ஸ்வெட்டர். "உம்மா, எனக்கு அது," என்று அவன் கையை நீட்டினான்.

"அது உனக்கு இல்ல," என்று உம்மா பெட்டியைப் பட்டென்று சாத்தினாள்.

மறுநாளே கடைக்குக் கூட்டிப்போய் நீல நிறத்தில் புது ஸ்வெட்டர் வாங்கிக் கொடுத்தாள். வளர்ந்த பிறகு அவனுக்கு அந்த நீல ஸ்வெட்டர் ஞாபகத்தில் நிற்கவில்லை. "அது உனக்கு இல்ல" மட்டும் நின்றது.

படிப்பு சுமாராகத்தான் வந்தது. ரயில்வேயில் கேட் கீப்பர் வேலை கிடைத்தது. சாலையும் தண்டவாளமும் குறுக்கிடும் இடத்தில், வண்டி வரும்போது கேட்டை மூடி, போனதும் திறக்கிற வேலை. வேலைக்குப் போன பிறகு அவர் என்று சொல்வதுதான் மரியாதை.

புதிதாகச் சேர்ந்தவர்களுக்குச் சொந்த கேட் கொடுக்கமாட்டார்கள். யார் விடுப்பில் போகிறார்களோ, யாருக்கு ஓய்வு நாளோ, அவர்கள் கேட்டில் போய் நிற்க வேண்டும். இன்று ஒரு கேபின், நாளை இன்னொன்று. ஒருவர் கேபினில் பெயின்ட் டப்பாக்களில் செடி வளரும். இன்னொருவர் சுவரில் பிள்ளைகளின் போட்டோவாக ஒட்டி வைத்திருப்பார். ஒருவருடைய ஸ்டூலுக்கு ஒரு கால் குட்டை. அட்டையை மடித்து முட்டுக் கொடுத்திருப்பார். இவர் எதையும் இடம் மாற்றமாட்டார். செடிக்குத் தண்ணீர் ஊற்றச் சொல்லிவிட்டுப் போனால் ஊற்றுவார். கைப்பிடியைச் சுற்றி கேட்டை இறக்குவார், பச்சைக் கொடியோடு வெளியே வந்து நிற்பார், வண்டி போனதும் கேட்டை ஏற்றுவார். தினமும் அந்த வழியாகப் போகிற லாரிக்காரர்கள் இவரைப் பார்த்ததும் கேட்கிற முதல் கேள்வி ஒன்றேதான்:

"எங்க நம்ம ஆளு? லீவா?"

"ஆமா. நாளைக்கு வந்துருவாரு."

இந்தப் பதிலை வாழ்நாளில் எத்தனை தடவை சொல்லியிருப்பாரோ தெரியாது. மாற்று ஆளை ரயில்வேயில் ரிலீவர் என்பார்கள்; நிலையத்தில் அவருக்கு "ரிலீவு" என்று பெயராகிவிட்டது. "இன்னிக்கு அந்த கேட்ல யாரு?" "ரிலீவு வந்திருக்கு." வந்திருக்கார் என்றுகூடச் சொல்லமாட்டார்கள், வந்திருக்கு. கேலி என்று யாரும் நினைத்துச் சொல்லவில்லை. வாய்ப் பழக்கம்தான்.

கூடச் சேர்ந்தவர்களுக்கெல்லாம் ஒவ்வொன்றாகச் சொந்த கேட் கிடைத்தது. இவர் முறை வந்தபோது இன்ஸ்பெக்டர் கூப்பிட்டுக் கேட்டார். "ஆத்துப்பாலத்து கேட் காலியாகுது. நல்ல காத்து, நிழல். உங்களுக்குப் போட்டுடவா?"

"பரவாயில்ல சார். நான் இப்படியே இருந்துக்கறேன்."

"என்னங்க இது, எல்லாரும் அதுக்கு அடிச்சுக்கறாங்க. நீங்க வேணாம்ங்கறீங்க?"

அவர் சிரித்து மழுப்பினார். ஏன் வேண்டாம் என்றார் என்று அவருக்கே சரியாகத் தெரியவில்லை. அடுத்தவர் ஸ்டூலில் உட்காருவது பழகிவிட்டது. தனக்கென்று ஒரு ஸ்டூல் போட்டுக்கொண்டால் அதில் எப்படி உட்காருவது என்பதுதான் பிடிபடவில்லை.

இடையில் கல்யாணமும் நடந்தது. அழைப்பிதழ் அச்சடிக்கக் கொடுத்த அச்சகக்காரர், மணமகன் என்ற இடத்தில் இவள் என்று இருந்ததைப் பார்த்து, எழுதியவர் கைப்பிழை என்று நினைத்து, நல்லெண்ணத்தோடு திருத்திவிட்டார். கட்டு கட்டாக வந்து இறங்கிய அழைப்பிதழ்களில் மணமகன் "இவன்" என்று பளபளத்தது.

வாப்பா கொதித்துப் போனார். "அரபுப் பேர இப்படி நாசம் பண்ணிட்டானே!"

உம்மா ஒரு அழைப்பிதழைக் கையில் எடுத்துப் பார்த்தாள். அப்புறம் வாய்விட்டுச் சிரித்தாள். அந்த வீட்டில் உம்மா அப்படிச் சிரித்து யாரும் பார்த்ததில்லை. "அச்சடிச்சவனுக்காவது தெரிஞ்சிருக்கே," என்றாள்.

மாப்பிள்ளையாகப் போகிறவருக்குச் சுருக்கென்றது. பெற்ற தாயே கேலி செய்கிறாளே என்று அன்று அவர் சாப்பிடவில்லை.

வந்த மனைவி அமைதியான பெண். "என்னங்க" என்றுதான் கூப்பிடுவாள். வீட்டில் இருக்கும் நாட்களிலும் அவர் ஒரு ஓரமாகத்தான் உட்கார்ந்திருப்பார். எது கேட்டாலும், "உனக்கு எப்படித் தோணுதோ," என்பார். சண்டை கிடையாது, சச்சரவு கிடையாது, பிள்ளையும் இல்லை. சில வருடங்கள் போனதும் அவள் ஒருநாள் பெட்டியைக் கட்டி வைத்துவிட்டு, அவர் வேலை முடிந்து வரும்வரை காத்திருந்து சொன்னாள்.

"நீங்க நல்லவருதாங்க. எனக்கு ஒரு குறையும் வெக்கல. ஆனா வேற யாரோ வரப்போறாங்க, அவங்க வந்ததும் எழுந்து இடம் விடணும்ங்கற மாதிரியே இந்த வீட்டுல உக்காந்திருக்கீங்க. எனக்கு மூச்சு முட்டுது."

அவள் பஸ் ஏறும்வரை அவர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கூடவே போனார். பிறகு அவளுக்கு வேறு இடத்தில் நல்லபடியாக வாழ்க்கை அமைந்ததாகக் கேள்விப்பட்டார். அதில் அவருக்கு உண்மையிலேயே நிம்மதி.

வாப்பா போய், சில வருடங்கள் கழித்து உம்மாவும் படுக்கையில் விழுந்தாள். அவர் இருந்த விடுப்பையெல்லாம் எடுத்துக்கொண்டு பக்கத்திலேயே இருந்தார். கஞ்சி ஊட்டினார், துணி மாற்றினார், கால் பிடித்துவிட்டார். அவர் வாழ்க்கையில் யாருக்கும் பதிலாக இல்லாமல் தானாகப் போய் உட்கார்ந்த நாட்கள் அவைதான். ஆனால் அது அவருக்கு அப்போது தெரியவில்லை. ஒரு காலை நேரம், உம்மா கொஞ்சம் தெளிவாக இருந்தாள். அவர் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு கேட்டார்.

"உம்மா, என் பேரு என்ன, சொல்லு பாப்போம்?"

உம்மா அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். உதட்டோரத்தில் ஒரு சிரிப்பு வந்தது. "இவனே," என்றாள். "கொஞ்சம் தண்ணி குடு."

அந்த வாரமே இறந்துபோனாள். ஊராரெல்லாம் மகன் பார்த்துக்கொண்டதைப் பற்றித்தான் பேசினார்கள். அவருக்கு மட்டும், கடைசிவரைக்கும் தன் பெயர் உம்மா வாயில் வரவே இல்லையே என்ற ஒன்றே உறுத்திக்கொண்டே இருந்தது. அடக்கம் முடிந்ததும் பெரிய வீட்டைக் காலி செய்துவிட்டு மாடியில் ஒற்றை அறைக்கு வந்துவிட்டார். ஒரு பாய், ஒரு அடுப்பு, சட்டை மாட்ட இரண்டு ஆணி. பேச்சுத் துணைக்கு ரேடியோ. அதையும் சத்தம் குறைத்தே வைப்பார். கீழ்வீட்டுக்காரர்களுக்குத் தொந்தரவாக இருக்கக் கூடாது. சில ஓய்வு நாட்களில் ஒரு வார்த்தைகூடப் பேசாமல் பொழுது முடிந்துவிடும். மறுநாள் கேபின் போனில், "வண்டி கிளம்பிருச்சு, கேட்டை மூடுங்க," என்று நிலையத்திலிருந்து குரல் வரும்போது, பதில் சொல்வதற்கு முன் தொண்டையைச் செருமிக்கொள்ள வேண்டியிருக்கும்.

இப்படியே அவர் ஓய்வு பெறும் வயதும் நெருங்கியது. அப்போதுதான் அக்கா மகளுக்குப் பிள்ளை பிறந்தது. அவளுடைய முதல் குழந்தை ஒரு வயது நிறைவதற்குள் போய்விட்டிருந்தது. இரண்டாவது ஆண் குழந்தை. ஆஸ்பத்திரிக்குப் பார்க்கப் போனார். அக்கா இருந்தாள், மச்சான் இருந்தார். மச்சானுக்கு இரும்புச் சாமான் கடை; கடைச் சத்தத்துக்கு மேலே பேசிப் பேசி எங்கேயும் உரக்கத்தான் பேசுவார்.

"வாங்க வாங்க! உங்களுக்காகத்தான் காத்திருக்கோம். பேரு முடிவாயிடுச்சு. உங்க பேருதான்!"

அவர் மச்சானையும் அக்காவையும் மாறி மாறிப் பார்த்தார்.

"என்ன அப்படிப் பாக்கறீங்க? போனதுக்கு ஈடா ஆண்டவன் குடுத்தது. எப்படிப்பட்ட அர்த்தம்! மாமனார் உங்களுக்குத் தேடி வெச்ச பேரு. குடும்பத்துல ஒரு ஆளோட நின்னு போகக் கூடாது, பாருங்க. இவனுக்கு அப்படியே பொருந்தும்."

கட்டிலில் கிடந்த அக்கா மகள் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டிருந்தாள். குழந்தை துணிச் சுருளுக்குள் தூங்கியது. மூக்கு நுனி மட்டும் சிவப்பாகத் தெரிந்தது. எல்லாவற்றுக்கும் தலையாட்டுகிறவர்தான் அவர். இதற்கும் ஆட்டிவிடுவார் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள்.

"வேண்டாம் மச்சான்."

"என்னது?"

"அந்தப் பேரு வேண்டாம்."

"ஏன்? கிண்டல் பண்ணுவாங்கன்னா? இப்பல்லாம் யாரும் அப்படி..."

"கிண்டல் இல்ல. அது ரெண்டு நாள்ல பழகிடும்." இவ்வளவு நீளமாக அவர் பேசி யாரும் கேட்டதில்லை. "அது நல்ல பேருதான், நான் தப்பு சொல்லல. ஆனா அந்தப் பேருக்குள்ள ரெண்டு பேரு இருக்காங்க மச்சான். ஒருத்தரு இல்லாதவரு. ஒவ்வொரு தடவை கூப்பிடும்போதும் அவருதான் முதல்ல திரும்பிப் பார்ப்பாரு. இவன் அவருக்குப் பின்னாடி நிக்கணும். இந்தப் பிள்ளை இப்பத்தான் வந்திருக்கு. அத வந்தவனாவே இருக்க விடுங்க."

சுவரைப் பார்த்திருந்த அக்கா மகள் திரும்பாமலே சொன்னாள்: "மாமா சொல்றதுதான் சரி. எனக்கும் வேண்டாம்." அவள் தோள் குலுங்கியது. அக்கா போய் அவள் தலைமாட்டில் உட்கார்ந்தாள்.

அடுத்த ஓய்வு நாளில் அவர் அக்கா வீட்டுக்குப் போனார். அக்கா மொட்டை மாடியில் குழந்தைத் துணிகளைக் கொடியில் போட்டுக்கொண்டிருந்தாள். அவர் வாளியிலிருந்து ஒவ்வொன்றாக உதறி எடுத்துக் கொடுத்தார். பேச்சுவாக்கில்தான் அக்கா சொன்னாள்.

"அன்னிக்கு ஆஸ்பத்திரியில நீ பேசினப்ப, எனக்கு அப்படியே உம்மா பேசற மாதிரி இருந்துச்சுடா."

"உம்மாவா?"

"ஆமா. உனக்குப் பேரு வெக்கும்போது இதே சண்டைதானே. வாப்பா அந்தப் பேரச் சொன்னதும் உம்மா ஒத்துக்கவே இல்ல. பச்சை உடம்போட எழுந்து உக்காந்துகிட்டுக் கத்துனா. போன பிள்ளைக்கு ஈடு எங்கயும் கிடையாது, இது வேற பிள்ளை, இவன் யாருக்கும் பதிலா வரல, இவன் இவன்தான்னு."

அவர் கையில் ஒரு சின்னத் துணி ஈரம் சொட்டிக்கொண்டிருந்தது.

"வாப்பா அவர் பிடியை விடல. நீங்க பதிவுல என்ன வேணா எழுதிக்குங்க, என் வாயால அதச் சொல்லமாட்டேன், எனக்கு இவன் இவன்தான்னுட்டா உம்மா. சொன்ன மாதிரியே கடைசிவரைக்கும் இவனே, இவனேன்னுதானே கூப்பிட்டா. என்னா பிடிவாதம்!" அக்கா சிரித்தாள். "வாப்பாவும் பாவம்டா. அவருக்கு அந்தப் பேரு தேவைப்பட்டுச்சு. அண்ணன் போனப்புறம் பட்டறைப் பக்கமே போகாம கிடந்தவரு, நீ பொறந்தப்புறம்தான் எழுந்தாரு. அவர் மேலயும் தப்பு சொல்ல முடியாது."

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

அக்கா கையிலிருந்த கிளிப்பைக் கொடியில் மாட்டாமல் திரும்பினாள். "உனக்குத் தெரியும்னுல நெனச்சேன்? வீட்டுல எல்லாருக்கும் தெரியுமே." அவர் முகத்தைப் பார்த்ததும் அவள் குரல் இறங்கிவிட்டது. "தெரியாதா உனக்கு?"

அவர் இல்லை என்று தலையசைத்தார். மாடிச் சுவரில் போய்ச் சாய்ந்துகொண்டார். நீல நிறத்தில் ஒரு ஸ்வெட்டர், அதன் கழுத்துப் பக்கம் அரித்தது, கடையில் உம்மா தன் விரலை உள்ளே விட்டுத் தளர்த்திப் பார்த்தது, எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக வந்தன. அழைப்பிதழைப் பார்த்து உம்மா சிரித்த சிரிப்பு வந்தது. கேலி என்று நினைத்துச் சாப்பிடாமல் படுத்தது வந்தது. யாரிடம் போய் இப்போது இதைச் சொல்வது? அக்கா மீதித் துணிகளை அவளே எடுத்துப் போட்டாள்.

குழந்தைக்கு அவர்கள் வேறு ஒரு பெயர் வைத்தார்கள். மச்சான் இரண்டு நாள் முறுக்கிக்கொண்டு இருந்துவிட்டு, பிறகு ஊரெல்லாம் அந்தப் பெயரைத் தானே கண்டுபிடித்ததாகச் சொல்லிக்கொண்டார். கேட்டில் அவர் இன்னும் சில மாதங்கள் வேலை பார்த்து ஓய்வு பெற்றார். இப்போது வாரம் ஒருமுறை அக்கா வீட்டுக்குப் போகிறார். குழந்தையைக் கொஞ்ச நேரம் தூக்கி வைத்திருப்பார். பிறகு சமையலறை வாசலில் உட்கார்ந்து, உம்மாவைப் பற்றிக் கேட்பார். அக்காவும் காய் நறுக்கியபடி ஞாபகத்தில் இருப்பதைச் சொல்வாள். உம்மாவுக்கு இடி என்றால் பயம், மாவு பிசையும்போது மெல்லப் பாடுவாள், வாப்பாவின் பசை வாளியை ஒருமுறை கோபத்தில் சாக்கடையில் கொட்டிவிட்டாள். அவருக்குத் தெரிந்தது பாதி, தெரியாதது பாதி.

போன வாரமும் போயிருந்தார். அக்கா சொல்லிக்கொண்டே வந்தவள் நிறுத்தினாள்.

"அப்புறம்? என்னைப் பத்தி வேற என்ன சொல்லுவா?"

"அவ்வளவுதான்டா. நீ பொறந்தப்ப எனக்கும் ஏழு எட்டு வயசுதானே. எல்லாத்தையுமா ஞாபகம் வெச்சிருக்க முடியும்?"

"அதுவும் சரிதான்," என்றார். குடித்த டீ டம்ளரைக் கழுவிக் கவிழ்த்து வைத்துவிட்டு, செருப்பை மாட்டிக்கொண்டு, வெயில் சாய்வதற்குள் வீடு போய்ச் சேரலாம் என்று பஸ் நிற்கும் இடத்துக்கு நடந்தார்.